இரண்டாவது பெயர்

புதன்கிழமை காலை கடையைத் திறந்ததும் முதல் அழைப்பு முனியாண்டியிடமிருந்து வந்தது. அவர் கரங்கானில் செம்பனை நாற்றுப் பண்ணை வைத்திருப்பவர். தொலைபேசியைக் கடை முதலாளி அட்ரியன் எடுத்தான்.

"டோக்கே இருக்காரா?"

"நாந்தாண்ணே பேசுறேன். யாரு?"

"நான் தூங்குமூஞ்சி பேசுறேன்."

"யாருண்ணே?"

"தூங்குமூஞ்சிப்பா. நேத்து சாயங்காலம் உங்க கடையிலருந்து ஈமெயில்ல ஸ்டேட்மெண்டு வந்திச்சு. மொத வரியில முனியாண்டி நர்சரி. அதுக்குக் கீழ தூங்குமூஞ்சி. இங்கிலீஷ் எழுத்துதான், ஆனா வாசிச்சா தமிழாத்தான் கேக்குது. எம் பொண்டாட்டி விடிஞ்சதிலருந்து சிரிச்சிக்கிட்டு இருக்கா. இத்தன வருஷமா அவ சொன்னத இப்ப கம்ப்யூட்டரும் சொல்லிருச்சாம்."

முனியாண்டி சிரித்தார். அட்ரியனும் சிரித்தான். போனை வைத்துவிட்டு, கண்ணாடித் தடுப்புக்குப் பின்னாலிருந்த சின்ன அறையை எட்டிப் பார்த்தான்.

"ஜானிஸ், நீ என்னா அனுப்பின?"

ஜானிஸ் அதற்குள் வெளுத்துப்போயிருந்தாள். அவளுடைய கைப்பேசியில் மூன்று செய்திகள் வந்திருந்தன. ஒன்றில் சிரிக்கும் பொம்மை முகம். இரண்டாவதில், 'நான் மொட்டையா?' என்ற கேள்வி. மூன்றாவது முருகையாவிடமிருந்து. 'கொசு இனிமே உங்க கடைப் பக்கம் வராது. நன்றி.'

கோலா கெத்தில் பெரிய சாலையில் இருக்கிறது அந்தக் கடை. அட்ரியனின் தந்தை அந்தோணிதாஸ் உரமும் அரிவாளும் விற்று ஆரம்பித்தது. அவர் காலமான பிறகு அட்ரியன் அதை வளர்த்தான். இப்போது கரங்கானில் ஒரு கிடங்கு, மூன்று லோரி, இருபது வேலையாட்கள். கெடா மாநிலத்தின் தென்பகுதியில் செம்பனையோ பால்மரமோ நிற்கிற இடத்திலெல்லாம் அவர்களுக்கு வாடிக்கையாளர் உண்டு. உர வாடையும் களைக்கொல்லி வாடையும் சேர்ந்து கடைக்குள் எப்போதும் மூக்கை அரிக்கும். ஜானிஸ் சுங்கைப் பட்டாணிக்காரி. ஒரு ஆடிட்டர் அலுவலகத்தில் வேலை பார்த்தவள். அட்ரியனைக் கல்யாணம் செய்து வந்த மாதமே கணக்கு மென்பொருளைக் கடைக்குக் கொண்டுவந்தவள் அவள்தான்.

பத்து வருடம் அதே பழைய பதிப்பில் ஓட்டினார்கள். இ-இன்வாய்ஸ் கட்டாயம் என்றான பிறகு வேறு வழியில்லாமல் சென்ற வாரம் புதிய பதிப்பைப் போட்டார்கள். முன்பெல்லாம் மாதக் கணக்கை அச்சடித்து, மடித்து, லோரிக்காரர்களிடம் கொடுத்தனுப்புவாள். புதிய பதிப்பில் அந்த வேலை இல்லை. ஒரு பொத்தானை அழுத்தினால் எல்லாருக்கும் மின்னஞ்சலில் போய்விடும். நேற்று மாலை அழுத்தினாள். போய்விட்டது.

வாடிக்கையாளர் பக்கத்தில் பெயருக்கு இரண்டு கட்டங்கள் உண்டு. முதல் கட்டத்தில் நிறுவனத்தின் பெயர். இரண்டாவது கட்டம் எதற்கென்று ஜானிஸுக்கு யாரும் சொன்னதில்லை. இந்த வட்டாரத்தில் முனியாண்டி மட்டும் ஐந்து பேர். எந்த முனியாண்டி என்று முன்கவுண்டரில் நிற்கும் அட்ரியனைக் கேட்பாள். "அதான்லா, தூங்குமூஞ்சி" என்பான். இரண்டாவது கட்டத்தில் அதை அடித்துவிடுவாள். அடுத்த முறை தேடும்போது நாலு எழுத்துப் போட்டால் ஆள் வந்து நிற்பார். பழைய பதிப்பில் அந்தக் கட்டம் அச்சில் வந்ததே இல்லை.

மென்பொருள் விற்ற கடையில் தினேஸ்வரன் என்ற பையன்தான் எல்லாம் பார்த்துக்கொள்வான். அவனைக் கூப்பிட்டாள்.

"அக்கா, அது சீனக் கம்பெனிங்களுக்குன்னு வச்ச கட்டம். மேல இங்கிலீஷ்ல ஒரு பேரு, கீழ சீன எழுத்துல ஒரு பேரு. அதனால புதுசுல ரெண்டும் சேந்தே வரும். நீங்க அதுல என்னா போட்டு வச்சிருந்தீங்க?"

"ஒண்ணுமில்ல தம்பி."

"வேணாம்னா ஒரு டிக் எடுத்துட்டா போதும்க்கா. நான் சொல்றேன்."

"இப்ப எடுத்து என்னா செய்ய."

அவள் பெயர்ப் பட்டியலைத் திறந்து மேலிருந்து கீழே ஓட்டினாள். மொட்டை. கொசு. புலம்பல். ஊதுகாமாலை. இரண்டாம் தாரம். பத்து வருடம் தினமும் பார்த்த எழுத்துகள்தான். இன்று ஒவ்வொன்றுக்கும் ஒரு முகம் இருந்தது. அந்த முகம் அந்த வரியை வாசித்துக்கொண்டிருந்தது.

'எல்' வரிசையில் மூன்று லோகேஸ்வரிகள். முதலாமவளுக்குக் கீழே டீச்சர் என்றிருந்தது. இரண்டாமவளுக்குக் கீழே பாசார், அதாவது சந்தை, என்றிருந்தது. மூன்றாவதுக்கு வந்ததும் மவுசைப் பிடித்திருந்த கை நின்றுவிட்டது.

LOGESWARI ENTERPRISE.

VALAVETTI.

ஜானிஸ் நாற்காலியில் பின்னால் சாய்ந்தாள். பிறகு எழுந்துபோய்க் கதவைச் சாத்திவிட்டு வந்தாள்.

சுங்கை லாலாங்கில் தோட்டத்துக்குக் குலை வெட்டவும் மருந்தடிக்கவும் ஆள் கொடுக்கும் காண்ட்ராக்டர் லோகேஸ்வரி. புருஷன் லோரியையும் ஆட்களையும் விட்டுவிட்டு ஜொகூர் பக்கம் வேறொருத்தியுடன் போன பிறகு, லோரியை ஓட்டக் கற்றுக்கொண்டு அந்த வேலையை எடுத்து நடத்துகிறவள். சாமான் வாங்க வந்தால் கண்ணாடி அறைக்குள் வந்து உட்காரும் ஒரே வாடிக்கையாளர் அவள்தான். வரும்போது சாப்பிடக் கரிபாப் வாங்கி வருவாள். இரண்டு வருடத்துக்கு முன் ஜானிஸுக்கு வயிற்றில் கரு கலைந்தபோது, மருத்துவமனைக் கட்டிலுக்குப் பக்கத்தில் இரவெல்லாம் பிளாஸ்டிக் நாற்காலியில் உட்கார்ந்திருந்தவள். ஜானிஸ் தன் அம்மாவிடம் சொல்லாததை அவளிடம் சொல்லியிருக்கிறாள்.

அவள் போன பிறகு, ஒவ்வொரு முறையும், அவள் வாங்கிய சாமானைப் பதிய ஜானிஸ் 'VALA' என்று நாலு எழுத்து அடித்து எண்டர் தட்டியிருக்கிறாள்.

அட்ரியன் உள்ளே வந்தான். சிரிப்பு அவன் முகத்தில் இன்னும் கொஞ்சம் மிச்சமிருந்தது.

"ஒரு மெசேஜ் ரெடி பண்ணு. சிஸ்டம் எரர், புது சாப்ட்வேர், மன்னிச்சிக்குங்கன்னு. எல்லாருக்கும் அனுப்பிடலாம்."

அவள் திரையைக் காட்டினாள். அவன் வாசித்தான். சிரிப்பு போயிற்று.

"நீ இதப் போயி டைப் பண்ணுவியா?"

"எந்த லோகேஸ்வரின்னு கேட்டேன். அந்த வாழாவெட்டிதான்லா, சுங்கை லாலாங்னு நீங்க சொன்னீங்க."

"வாயில சொல்றது வேற. எழுதுறது வேற."

"வாயில வந்ததத்தான் எழுதினேன்."

ஜானிஸ் லோகேஸ்வரிக்குப் போன் அடித்தாள். மணி அடித்து அடித்து நின்றது. மறுபடியும் அடித்தாள். எடுக்கவில்லை. அனுப்பிய பட்டியலை எடுத்துப் பார்த்தபோது இன்னொன்றும் தெரிந்தது. லோகேஸ்வரியின் ஸ்டேட்மெண்ட் இரண்டு இடங்களுக்குப் போயிருந்தது. மருந்து வாங்கிய கணக்கின் நகலைத் தோட்ட ஆபீஸ் கேட்பதால் அந்த முகவரியையும் சேர்க்கும்படி லோகேஸ்வரியே போன வருடம் சொல்லியிருந்தாள். ஜானிஸ்தான் சேர்த்தாள்.

"ஆபீசுக்கும் போயிருக்கு," என்றாள்.

அட்ரியன் கார்ச் சாவியை எடுத்தான்.

சுங்கைப் பட்டாணியைத் தாண்டும்போதே மழை பிடித்துக்கொண்டது. அக்டோபர் மழை. மதியம் ஆனால் தவறாமல் வந்துவிடும். சாலையின் இரண்டு பக்கமும் செம்பனைகள் நனைந்து கறுத்து நின்றன. சுங்கை லாலாங் முனையில் திரும்பும்போது அட்ரியன் சொன்னான், "நான் பேசுறேன். நீ சும்மா இரு."

லோகேஸ்வரி வீட்டு முன்புறத் தகரக் கொட்டகையில் தரையில் உட்கார்ந்திருந்தாள். நீண்ட அலுமினியக் கம்பத்தின் நுனியில் குலை வெட்டும் அரிவாளை வைத்து, பழைய டியூப்பை அறுத்தெடுத்த ரப்பர்ப் பட்டையால் இறுக்கிச் சுற்றிக்கொண்டிருந்தாள். பக்கத்தில் இன்னும் நாலைந்து கம்பங்கள். தகரத்தில் மழை கொட்டிய சத்தத்தில் கார் வந்து நின்றது அவளுக்குக் கேட்டிருக்காது. நிழல் விழுந்த பிறகுதான் நிமிர்ந்தாள்.

"வா ஜானிஸ். அட்ரியனும் வந்திருக்கியாப்பா. உக்காருங்க. தே ஓ போடவா?"

"வேணாம்க்கா. போன் அடிச்சேன்."

"பாத்தேன். கையில வேலை."

அட்ரியன் முன்னால் வந்தான். "அக்கா, அந்த ஸ்டேட்மெண்டு விஷயமாத்தான் வந்தோம். புது சாப்ட்வேர் மாத்தினோம்ல, அதுல என்னமோ சிஸ்டம் எரர் ஆயி, எல்லாருக்கும் கண்டபடி வந்திருச்சு. கம்பெனிக்காரன நல்லா ஏசிட்டேன்."

லோகேஸ்வரி பட்டையின் நுனியைப் பல்லால் கடித்து இழுத்து முடிச்சுப் போட்டாள்.

"சிஸ்டத்துக்குத் தமிழ் தெரியுமாப்பா?"

"சிஸ்டம் இல்லக்கா," என்றாள் ஜானிஸ். "நாந்தான் அடிச்சேன்."

"தெரியும். உங்க கடையில கம்ப்யூட்டர் தொடுறது நீ ஒருத்திதான்."

மழை கொஞ்சம் வலுத்தது. லோகேஸ்வரி அடுத்த கம்பத்தை மடியில் இழுத்து வைத்துக்கொண்டாள்.

"உங்க லோரிக்காரன் இங்க சாமான் எறக்கிட்டுப் போன்ல பேசுவான். 'வாழாவெட்டி வீட்டுல இருக்கேன், முடிஞ்சிச்சு, கெளம்புறேன்'னு. எனக்குக் கேக்காதுன்னு நெனப்பு. நான் அப்பவே கேட்டுட்டேன். அவன் ஊருல பேசுறதப் பேசுறான். ஊரு வாய நான் என்னா தைக்கவா முடியும். ஆனா அவனுக்கு அந்தப் பேரு எங்கருந்து வந்திச்சின்னு நான் யோசிச்சதே இல்ல. ஜானிஸ் குடுக்குற தாள்ல இருந்து வந்திருக்கும்னு எனக்குத் தோணவே இல்ல."

"தாள்ல வராதுக்கா. நான் கூப்பிட்டுச் சொல்லும்போது..." ஜானிஸ் நிறுத்தினாள். லோரியில் ஏற்ற வேண்டியதைக் கண்ணாடி அறையிலிருந்து கத்திச் சொல்லும்போது எந்தப் பெயரைச் சொல்லியிருக்கிறாள் என்று இப்போதுதான் அவளுக்கே ஞாபகம் வந்தது.

"ஒண்ணு கேக்குறேன், சொல்லு," என்றாள் லோகேஸ்வரி. குரலில் கோபம் இல்லை. "மூணு லோகேஸ்வரி இருக்கோம். அடையாளத்துக்கு ஒண்ணு போடணும். சரி. சுங்கை லாலாங்னு போட்டிருக்கலாம். காண்ட்ராக்டர்னு போட்டிருக்கலாம். லோரின்னு போட்டிருக்கலாம், நாந்தான் லோரி ஓட்டுறேனே. ஏன் போடல?"

"அப்ப எனக்கு உங்கள யாருன்னு தெரியாதுக்கா."

"அப்புறம் தெரிஞ்சிச்சில்ல."

"தெரிஞ்சிச்சு."

"அப்புறம் ஏன் மாத்தல?"

கை பழகிவிட்டது, கண் அதை எழுத்தாகத்தான் பார்த்தது என்பதெல்லாம் உண்மைதான். ஆனால் அதைச் சொன்னால் இன்னும் கேவலமாக இருக்கும் என்று தெரிந்தது.

"தெரியலக்கா."

"ம்." லோகேஸ்வரி பட்டையைச் சுற்றினாள். "இன்னிக்குக் காலையில ஆபீசுக்குப் போனேன். ஆள் எண்ணுற பெரட்டுக்கு எல்லாரும் வரிசையில நிக்கிறானுங்க, என் ஆளு, வேற காண்ட்ராக்டர் ஆளு, எல்லாரும். புதுசா ஒரு மலாய்க்காரப் பொண்ணு கணக்கெழுதுற கிராணியா வந்திருக்கு, ஃபரிடான்னு. சின்னப் புள்ள. அவ்வளவு மரியாத. நேத்து வரைக்கும் எம் பேரு அதுக்கு வாயில நொழையல. இன்னிக்கு சன்னல் வழியா எட்டிப் பாத்து, நல்லாச் சிரிச்சு, மரியாதையா 'புவான் வாலவெட்டி, உள்ள வாங்க'ங்குது."

அட்ரியன் தலையைத் திருப்பி மழையைப் பார்த்தான்.

"வரிசையில ஒருத்தன் இருமினான். இன்னொருத்தனுக்கும் இருமல் வந்திருச்சு. பொண்ணுக்கு ஒண்ணும் வெளங்கல. 'நல்லா இருக்கு பேரு, சொல்ல லேசா இருக்கு'ன்னு சொல்லுது. ஸ்டேட்மெண்டுல பாத்துச்சாம். ரெண்டாவது பேருதான் வீட்டுல கூப்பிடுற பேருன்னு நெனச்சிக்கிச்சாம்."

"நீங்க என்னக்கா சொன்னீங்க?"

"என்னத்தச் சொல்ல. தலைய ஆட்டிட்டு வந்தேன். அது என் பேரு இல்லன்னா, பின்ன என்னான்னு கேக்கும். புருஷன் விட்டுட்டுப் போனத மலாய்ல எடுத்துச் சொல்லணும், அத்தன ஆம்பளங்க முன்னால. ஏசியிருந்தா திருப்பி ஏசலாம் ஜானிஸ். மரியாதையாக் கூப்பிட்டா என்னா செய்ய?"

கம்பத்தைச் சுவரில் சாத்திவிட்டு எழுந்தாள். கைகளில் ஒட்டியிருந்த கறுப்பைக் கைலியில் துடைத்தாள்.

"நான் போய்ச் சொல்றேன்க்கா," என்றாள் ஜானிஸ். "இப்பவே போறேன்."

"இப்ப போனா ஆபீசுல அந்தப் பொண்ணு மட்டுந்தான் இருக்கும். காலையில பெரட்டுக்கு வா. கேட்டவனுங்க கேக்கட்டும்."

"என்னான்னு சொல்லட்டும்க்கா?"

"அத நான் சொல்லித் தரணுமா?"

திரும்பும் வழியில் அட்ரியன் பேச ஆரம்பித்தான். "அத்தன பேரு முன்னால போயி நிக்கணுமாம். அந்தத் தோட்டத்துல நாலு காண்ட்ராக்டர் நம்ம கஸ்டமர். கடை பேரு என்னாவும்? ஒரு மெயில் அனுப்பினா அந்தக் கிராணிப் பொண்ணு திருத்திட்டுப் போகுது."

"நீங்க வர வேணாம்."

"நான் வரலன்னா சொன்னேன்."

"கார்ல இருங்க."

அன்று சாயங்காலம் ஜானிஸ் கடையிலேயே இருந்து ஒவ்வொரு பெயராகத் திறந்து இரண்டாவது கட்டத்தை அழித்தாள். தினேஸ்வரன் சொன்னதுபோல் ஒரே டிக்கில் மறைத்திருக்கலாம். மறைக்க மனம் வரவில்லை. மொட்டை இருந்த இடத்தில் அவர் ஊரான பெடோங் என்று போட்டாள். கொசு இருந்த இடத்தில் அவர் குடியிருக்கும் தாமானின் பெயரைப் போட்டாள். இரண்டாம் தாரம் என்றிருந்தவருக்கு என்ன போடுவதென்று தெரியாமல், அவருடைய ஊரை அட்ரியனிடம் கேட்டாள். அவனுக்கும் தெரியவில்லை. பத்து வருடம் சாமான் வாங்கிய ஆள்.

லோகேஸ்வரியின் பக்கத்தை மட்டும் அவளால் கடைசி வரை திறக்க முடியவில்லை. திறக்க வேண்டுமானால் தேட வேண்டும். விரல் தானாக 'வி' மேல் போய் நின்றது. கையை எடுத்து மடியில் வைத்துக்கொண்டாள். பிறகு ஒற்றை விரலால், எல், ஓ, ஜி என்று பள்ளிக்கூடப் பிள்ளைபோல அடித்தாள்.

மறுநாள் விடியும்போது தோட்டத்து ஆபீஸ் முன்னால் பனி இன்னும் கலையவில்லை. முதுகில் மருந்து டாங்கி மாட்டியவர்களும், பூட்ஸ் போட்டுக்கொண்டு கம்பத்தைத் தோளில் சாய்த்தவர்களுமாக வரிசை நின்றது. சிலர் நெகிழிப் பையில் தே தாரிக் வைத்து உறிஞ்சிக்கொண்டிருந்தார்கள். லோகேஸ்வரி தன் லோரிப் பக்கத்தில் ஆட்களை எண்ணிக்கொண்டிருந்தாள். ஜானிஸைப் பார்த்தாள், தலையசைக்கவில்லை. அட்ரியன் காரை நிறுத்தி, கொஞ்ச நேரம் ஸ்டியரிங்கைப் பிடித்தபடி உட்கார்ந்திருந்துவிட்டு, இறங்கி வந்து ஜானிஸுக்குப் பின்னால் நின்றான்.

ஆபீஸ் சன்னல் திறந்தது. ஃபரிடா தலையில் நீலத் துடோங் அணிந்திருந்தாள். இருபத்திரண்டு வயதுக்கு மேல் இருக்காது. வேலைச் சீட்டுகளை எடுத்து வைத்துக்கொண்டு, வெளியே பார்த்து, தெளிவான குரலில் காலை வணக்கம் சொல்லிக் கூப்பிட்டாள்.

"செலாமாட் பாகி, புவான் வாலவெட்டி."

வரிசையில் யாரோ தொண்டையைச் செருமினார்கள். லோகேஸ்வரி திரும்பாமல் நின்றாள்.

ஜானிஸ் சன்னலுக்குப் போனாள். கோலா கெத்தில் கடையின் பெயரைச் சொன்னாள். வரிசைக்கும் கேட்கும்படியாகவே மலாயில் பேசினாள். ஸ்டேட்மெண்டை அனுப்பியது நான்தான், அதில் அந்தப் பெயர் தவறு, அவருடைய பெயர் லோகேஸ்வரி, அது ஒன்றுதான் அவருடைய பெயர்.

ஃபரிடாவின் முகம் வாடிவிட்டது. "அய்யோ. நான் நேத்துலருந்து அப்படித்தான் கூப்பிடுறேன். அவங்க ஒண்ணுமே சொல்லலியே." கணினிப் பக்கம் திரும்பி எதையோ தட்டினாள். கவனமான பெண். மறுபடி நிமிர்ந்து கேட்டாள். "அப்ப இது யாரோட பேரு? வேற யார் கணக்காவது இதுல மாறி வந்திருக்கா?"

ஜானிஸ் வீட்டிலிருந்து கிளம்பும்போது தயார் செய்து வந்த பதில் ஒன்று இருந்தது. அது யாருடைய பெயரும் இல்லை, கணினியில் தவறாக விழுந்த எழுத்து. அதைச் சொல்ல வாயெடுத்தாள். அதற்குள் வரிசையின் முன்னால் நின்ற ஒருவன் பல்லைக் காட்டிக்கொண்டு, "அது பேரு இல்ல மிஸ், அதுக்கு அர்த்தம் என்னான்னா..." என்று அரைகுறை மலாயில் ஆரம்பித்தான்.

"என் பேரு," என்றாள் ஜானிஸ்.

அவன் நிறுத்திவிட்டான்.

"என்னோட பேருதான் அது," என்று அவள் மலாயில் மறுபடியும் சொன்னாள். "நான் அவங்க இடத்துல தப்பாப் போட்டுட்டேன்."

வரிசையில் ஒருவரும் இருமவில்லை. தே தாரிக் உறிஞ்சிக்கொண்டிருந்தவன் பையைக் கீழே இறக்கினான். ஜானிஸுக்குக் கழுத்திலிருந்து காது வரை எரிந்தது. ஃபரிடாவுக்கோ நிம்மதி. வெண்மையான பற்கள் தெரியச் சிரித்து, வலது கையை நெஞ்சில் வைத்துத் தலை தாழ்த்தினாள்.

"ஓ. சந்திச்சதுல சந்தோஷம், புவான் வாலவெட்டி."

பிறகு சன்னலுக்கு வெளியே எட்டி, ஒவ்வொரு எழுத்தாகக் கவனித்துக் கூப்பிட்டாள். "புவான் லோ-கேஸ்-வரி. சரிதானே?"

"சரி," என்றாள் லோகேஸ்வரி. வந்து தன் வேலைச் சீட்டை வாங்கினாள். ஜானிஸைத் தாண்டிப் போகும்போது ஒரு கணம் நின்றாள். ஆட்கள் பின்னால் ஏறிக்கொண்டிருந்த லோரிக்குப் போய், ஓட்டுநர் கதவைத் திறந்து, படியில் ஒரு காலை வைத்தாள்.

ஃபரிடா அப்போதுதான் ஜானிஸுக்குப் பின்னால் நின்ற ஆளைக் கவனித்தாள். வந்தவர்களை விசாரிக்காமல் விடுவது மரியாதை இல்லை என்று நினைத்தாளோ என்னவோ. மலாயில் இஞ்சே என்றால் ஐயா, சுவாமி என்றால் கணவன். அவள் அட்ரியனைப் பார்த்து அன்பாகக் கேட்டாள்.

"இஞ்சே, சுவாமி புவான் வாலவெட்டியா?"

அட்ரியன் ஜானிஸைப் பார்த்தான். அவள் சன்னல் கட்டையைப் பிடித்துக்கொண்டு முன்னால் பார்த்தபடி நின்றாள். அவன் வரிசையைப் பார்த்தான். அத்தனை பேரும் அவனையே பார்த்துக்கொண்டிருந்தார்கள். படியில் கால் வைத்த லோகேஸ்வரி இன்னும் ஏறவில்லை.

காதில் விழவில்லை என்று நினைத்து, ஃபரிடா இன்னொரு முறை, கொஞ்சம் உரக்கக் கேட்டாள்.

"யா," என்றான் அட்ரியன்.